நாட்டுப் பெயரிலிருந்து தாவரச் சான்றிதழ் வரை: புதிதாக ஆய்வு தொடங்குபவர்களுக்கு

முதுநிலை ஆய்வுக்கு நான் எடுத்துக்கொண்டது நெருஞ்சி முள். சிறுநீர்க் கோளாறுக்குக் கைவைத்தியம் என்று எங்கள் வீட்டில் எல்லாருக்கும் தெரிந்த பெயர். அதனால் பெயரில் எனக்குச் சந்தேகமே வரவில்லை. ஒரு நாட்டு மருந்துக் கடையில் ‘நெருஞ்சி முள்’ என்று கேட்டு 2 கிலோ வாங்கினேன். அரைத்து, எக்ஸ்ட்ராக்ட் எடுத்து, மூன்று மாதம் ஆய்வகத்தில் வேலை பார்த்தேன். ஆய்வேடு எழுதும் நேரத்தில்தான் “தாவரச் சான்றிதழ் எங்கே?” என்ற கேள்வி வந்தது. ஆய்வுக்கு எடுத்த செடி இன்னதுதான் என்று மாதிரியைப் பார்த்து எழுதித் தரும் தாள் அது. மிச்சமிருந்த ஒரு கைப்பிடி முள்ளோடு ஒரு தாவரவியல் பேராசிரியரிடம் போனேன். உள்ளங்கையில் வைத்துப் பார்த்தவுடனே சொல்லிவிட்டார்: “இது யானை நெருஞ்சிம்மா. நீ தலைப்புல எழுதியிருக்கிற செடி வேற.”

நெருஞ்சி என்று ஆய்வேட்டில் நான் எழுதியிருந்தது டிரிபுலஸ் டெர்ரெஸ்ட்ரிஸ். தரையோடு படரும்; புளிய இலை போலச் சிறு சிறு இலைகள்; மஞ்சள் பூ; காய் முற்றினால் ஐந்து துண்டாகப் பிரியும். யானை நெருஞ்சி பெடாலியம் முரெக்ஸ். சதைப்பற்றுள்ள செடி, இலை தனி இலை, காய்க்கு நான்கு மூலை, மூலைக்கு ஒரு முள். அதன் தழையை நீரில் போட்டுக் கலக்கினால் நீர் கொழகொழவென்று ஆகிவிடும். இரண்டும் வெவ்வேறு குடும்பம். ஆனால் இரண்டுக்கும் முள் உண்டு, இரண்டையும் சிறுநீர்க் கோளாறுக்குத்தான் கொடுக்கிறார்கள். கடைக்காரர் என்னை ஏமாற்றவில்லை. அவர் கணக்கில் இரண்டுமே நெருஞ்சி.

நாட்டுப் பெயர் பெரும்பாலும் செடியின் உருவத்தையோ, பயனையோ, குணத்தையோ பார்த்து வைத்தது. அது பொய் இல்லை. ஆனால் உங்கள் ஆய்வுக்குத் தேவையான அளவு குறுகலானது இல்லை. அந்தப் பெயரிலிருந்து சான்றிதழ் வரை எப்படிப் போவது என்று இரண்டாவது முறை முழுதும் செய்து கற்றுக்கொண்டதை வரிசையாகச் சொல்கிறேன். சித்த மருத்துவம், மருந்தியல், உயிர்வேதியியல், தாவரவியல் எதுவானாலும் வேலை இதுதான். ஆய்வகத்துக்குள் நுழைவதற்கு முன்பே இதை முடித்துவிடுங்கள்.

1. பெயரை ஊரோடும் ஆளோடும் சேர்த்து எழுதுங்கள்

ஒரு நோட்டு போடுங்கள். யார் சொன்னது, எந்த ஊர், செடியின் எந்தப் பாகம், எதற்குப் பயன், எந்த மாதத்தில் கிடைக்கும் என்ற ஐந்தும் ஒவ்வொரு பெயருக்கும் வேண்டும். மணத்தக்காளியை மிளகுதக்காளி என்பவர்களும் உண்டு, தெற்கே சுக்குட்டிக் கீரை என்பவர்களும் உண்டு. ஒரே கீரை. ஊரை எழுதாமல் விட்டால் பின்னால் மூன்று செடி என்று நினைத்துக்கொள்வீர்கள்.

மறுபக்கமும் உண்டு. கற்பூரவள்ளி என்றால் சளிக்குக் கசாயம் வைக்கும் தடித்த இலைச் செடி. ஓமவல்லி என்றும் சொல்வார்கள். வாழைத்தார் வியாபாரியிடம் அதே பெயரைச் சொன்னால் அவர் காட்டுவது பழம்.

ஒரு செடிக்குப் பல பெயர் இருந்தால் அவற்றை ஒதுக்காதீர்கள், எல்லாவற்றையும் எழுதுங்கள். செங்காந்தளைப் பாருங்கள். கிழங்கு கலப்பை போல வளைந்திருப்பதால் கலப்பைக் கிழங்கு. கார்த்திகையில் பூப்பதால் கார்த்திகைப் பூ. மூலனூர், ஒட்டன்சத்திரம் பக்கம் விதைக்காகப் பயிரிடும் விவசாயிகளிடம் அது கண்வலிக் கிழங்கு. இந்தப் பெயர்களை வைத்தே எந்தப் பாகத்தைப் பார்க்க வேண்டும், எப்போது போக வேண்டும் என்று தெரிந்துவிடுகிறது.

கேட்கும் முறையிலும் கவனம் வேண்டும். செடியைக் காட்டி “இது கீழாநெல்லிதானே?” என்று கேட்டால் பாதிப் பேர் ஆமாம் என்றுதான் சொல்வார்கள். முகத்துக்கு நேரே இல்லை என்று சொல்ல மனம் வராது. “இதுக்கு உங்க ஊர்ல என்ன பேருங்க?” என்று மட்டும் கேளுங்கள். குறைந்தது மூன்று பேரிடம், தனித்தனியாக. அதில் ஒருவராவது ஆடு மேய்ப்பவராக இருக்கட்டும். எது ஆடு தின்னும், எது தின்னாது என்பதில் தொடங்கி அவர்கள் சொல்லும் வேறுபாடுகள் எனக்கு எந்தப் புத்தகத்தை விடவும் அதிகம் உதவின.

2. பெயரைப் பிரித்துப் பாருங்கள், ஆனால் உறவை நம்பாதீர்கள்

தமிழ்ப் பெயர்களில் பெரும்பாலும் பின்பாதி ஒரு சாயலைச் சொல்லும், முன்பாதி வேறுபாட்டைச் சொல்லும். சீமை என்றால் வெளியிலிருந்து வந்தது. காட்டு, மலை, நீர், நிலம் என்றால் இடம். யானை என்றால் பெரியது. பேய், நாய் என்று தொடங்கினால் பெரும்பாலும் கசப்பு, நாற்றம், அல்லது உண்ண ஆகாதது. இந்த முன்னொட்டை விட்டுவிட்டு எழுதுவதுதான் புதியவர்கள் செய்யும் முதல் தவறு. நான் செய்ததும் அதேதான். ‘யானை’யை யாரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

இரண்டாவது தவறு, பின்பாதி ஒன்றாக இருப்பதால் செடிகளும் உறவு என்று நினைப்பது. வேம்பு என்று முடியும் ஐந்தை எடுத்துக்கொள்வோம். வேம்பும் மலைவேம்பும் ஒரே குடும்பம். கறிவேம்பு, அதாவது நம் கறிவேப்பிலை, எலுமிச்சைக் குடும்பம். நிலவேம்பு ஆடாதொடையின் குடும்பம். சிவனார் வேம்பு அவரைக் குடும்பம். ஐந்து வேம்புக்கு நான்கு குடும்பம். வேம்பின் வேதிப்பொருளை நிலவேம்பில் தேடிக்கொண்டிருந்த ஒரு மாணவரை எனக்குத் தெரியும்.

சில இடங்களில் இது ஆபத்தாகவும் ஆகும். காட்டாமணக்கு ஆமணக்கு இல்லை. அதன் விதை நஞ்சு, பிள்ளைகள் கொட்டை என்று தின்று மருத்துவமனைக்குப் போவதுண்டு. மருளூமத்தை ஊமத்தையே இல்லை, சூரியகாந்திக் குடும்பம். சீமை அகத்திக்கும் நாம் கீரையாகச் சமைக்கும் அகத்திக்கும் இனம் வேறு.

பெயர் சரியான உறவைச் சொல்லும் இடமும் உண்டு என்பதையும் சொல்ல வேண்டும். நெல்லி, அரைநெல்லி, கீழாநெல்லி மூன்றும் ஒரே பேரினம், பில்லாந்தஸ். மரமும், சிறுமரமும், முழங்கால் உயரம்கூட வராத பூண்டும் ஒரே வகை என்று பெயர் வைத்தவர்களின் கண்ணை நினைத்தால் எனக்கு இன்றும் வியப்பாக இருக்கிறது. கீழாநெல்லியில் இலைக்குக் கீழே வரிசையாகத் தொங்கும் அந்தச் சிறு காயை அவர்கள் பார்த்திருக்கிறார்கள்.

வடமொழிப் பெயர் வந்தால் இரண்டு மடங்கு கவனம். சங்கபுஷ்பி என்றால் இங்கே பலர் சங்குப்பூக் கொடியைக் காட்டுவார்கள். வட இந்தியாவில் அதே பெயரில் விற்பது கான்வால்வுலஸ் என்ற வேறு செடி. பிரம்மி என்றால் நமக்கு நீர்ப்பிரம்மி, வடக்கே பல இடங்களில் வல்லாரை. ஆன்லைனில் பொடி வாங்கினால் இந்தக் குழப்பம் பார்சலோடு வீட்டுக்கே வந்துவிடும்.

3. அறிவியல் பெயரைத் தேடி, இன்றைய பெயரோடு சரிபாருங்கள்

நோட்டில் உள்ள நாட்டுப் பெயர்களை வைத்து இரண்டு மூன்று அறிவியல் பெயர்களைச் சந்தேகப் பட்டியலாக எழுதிக்கொள்ளுங்கள். ஒன்றை மட்டும் எழுதினால் அதற்குப் பிறகு நீங்கள் பார்ப்பதெல்லாம் அதுவாகவே தெரியும். இந்தியா பயோடைவர்சிட்டி போர்ட்டல் என்ற தளத்தில் இந்தியச் செடிகளின் படங்களும் விவரமும் இருக்கின்றன. ஐநேச்சுரலிஸ்ட் செயலியில் படத்தைப் போட்டால் மற்றவர்கள் வந்து பார்த்துச் சொல்வார்கள். இரண்டும் இலவசம். படம் எடுத்தவுடன் பெயர் சொல்லும் செயலிகள் பேரினம் வரை வழிகாட்டும்; அதற்கு மேல் அதை நம்பி ஒரு வரிகூட எழுத வேண்டாம்.

அப்புறம் அந்தப் பெயர் இன்றும் செல்லுமா என்று பாருங்கள். லண்டன் கியூ தோட்டத்தின் பிளாண்ட்ஸ் ஆஃப் தி வேர்ல்ட் ஆன்லைன் தளத்தில் தட்டினால், இது பழைய பெயர், இப்போதைய பெயர் இது என்று காட்டும். பழைய ஆய்வேடுகளில் ஆவாரை காசியா ஆரிகுலேட்டா; இன்று சென்னா ஆரிகுலேட்டா. வெள்ளைக் கரிசலாங்கண்ணி எக்லிப்டா ஆல்பாவாக இருந்தது எக்லிப்டா ப்ராஸ்ட்ரேட்டா ஆகிவிட்டது. மஞ்சள் கரிசலாங்கண்ணி தனிச் செடி, அதன் வெடிலியா என்ற பேரினப் பெயரும் ஸ்பாக்னெட்டிகோலா என்று மாறிவிட்டது. கற்பூரவள்ளி கோலியஸிலிருந்து ப்ளெக்ட்ராந்தஸ் ஆகி, இப்போது மறுபடியும் கோலியஸுக்கே வந்திருக்கிறது. பழைய கட்டுரைகளைத் தேடும்போது எல்லாப் பெயரையும் போட்டுத் தேடுங்கள். எழுதும்போது இன்றைய பெயரை எழுதுங்கள். மூலிகை பற்றிய ஆய்விதழ்கள் பலவும் இதைப் பார்க்கின்றன.

4. பூவும் காயும் இருக்கும் காலத்தில் மாதிரி எடுங்கள்

கால அட்டவணை கெடுவது இங்கேதான். இலையை மட்டும் கொண்டுபோனால் யாரும் உறுதியாகச் சொல்ல மாட்டார்கள். கீழாநெல்லியையே பாருங்கள். மருந்துக்கு நாம் எடுக்க நினைக்கும் பில்லாந்தஸ் அமாரஸின் பூவில் ஐந்து இதழ், காய் வழவழப்பு. பக்கத்திலேயே வளரும் பில்லாந்தஸ் யூரினேரியாவில் ஆறு இதழ், காய் சொரசொரப்பு, அதற்குக் காம்பும் இல்லாதது போலவே இருக்கும். இலையில் இந்த வேறுபாடு தெரியாது. பறிப்பவர்கள் இரண்டையும் ஒரே கட்டாகக் கட்டிவிடுவார்கள்.

நம் ஊரில் சிறு பூண்டுகள் பெரும்பாலும் வடகிழக்குப் பருவமழை தொடங்கிய பிறகு பூக்கும். நவம்பர் முதல் ஜனவரி வரை நல்ல காலம். உங்கள் ஆய்வு மார்ச்சில் தொடங்குகிறது என்றால் முந்தைய நவம்பரிலேயே மாதிரி எடுத்திருக்க வேண்டும். தவறவிட்டால் அந்தச் செடிக்காக அடுத்த மழை வரை காத்திருக்க நேரும்.

சிறு செடியானால் வேரோடு எடுங்கள். மரம், கொடியானால் பூவும் காயும் உள்ள கிளையை ஒரு முழம் அளவுக்கு வெட்டுங்கள். ஒரே செடியிலிருந்து, சிறு செடியானால் ஒரே இடத்தில் நிற்கும் அதே வகைச் செடிகளிலிருந்து, மூன்று மாதிரி வேண்டும்: ஒன்று சான்றிதழ் தருபவருக்கு, ஒன்று உங்கள் துறைக்கு, ஒன்று உங்களுக்கு. ஆய்வுக்கான மொத்தச் சரக்கையும் அதே இடத்தில், அதே நாளில் எடுத்துவிடுங்கள். மாதிரி ஒரு இடம், சரக்கு கடை என்றால் சான்றிதழுக்கே அர்த்தம் இல்லை.

பறிக்கும் இடத்திலேயே எழுத வேண்டியவை: தேதி, ஊர், செல்பேசியில் காட்டும் அட்சரேகை தீர்க்கரேகை, மண், செடியின் உயரம், பூவின் நிறம், ஊரார் சொன்ன பெயர், உங்கள் சேகரிப்பு எண். பூவின் நிறத்தைக் கட்டாயம் எழுதுங்கள், உலர்ந்தால் போய்விடும்.

வேலியோரம், வயல் வரப்பு என்றால் நிலத்துக்காரரிடம் ஒரு வார்த்தை கேட்டால் போதும். காப்புக்காடு என்றால் வனத்துறையின் எழுத்துமூல அனுமதி வேண்டும். சரணாலயம், தேசியப் பூங்கா என்றால் விண்ணப்பம் தலைமை வன உயிரினக் காப்பாளர் வரை போக வேண்டும். அதற்கு மாதக்கணக்கில் ஆகலாம். காட்டுக்கு வெளியே கிடைக்கும் செடியைக் காட்டுக்குள் போய் எடுக்காதீர்கள்.

5. அழுத்தி உலர்த்துவது

செலவு குறைவு, பொறுமைதான் அதிகம். பழைய செய்தித்தாள், இரண்டு ப்ளைவுட் பலகை, இறுக்கிக் கட்ட இரண்டு பெல்ட். எனக்கு எல்லாம் சேர்த்து 400 ரூபாய்க்குள் முடிந்தது. செடியைத் தாளுக்குள் விரித்து, ஒன்றிரண்டு இலையையாவது திருப்பி வைத்து அடிப்பக்கம் தெரியும்படி அழுத்துங்கள். முதல் நான்கு நாள் தினமும் தாள் மாற்ற வேண்டும், மழைக்காலமானால் இரண்டு வேளை. நான் ஒரு நாள் விட்டேன், பூஞ்சை பிடித்துவிட்டது. 7 முதல் 10 நாளில் உலரும். யானை நெருஞ்சி மாதிரிச் சதைப்பற்றான செடியைக் கொதிநீரில் ஒரு முக்கு முக்கி, ஈரம் ஒற்றி எடுத்துவிட்டு அழுத்தினால் சீக்கிரம் உலரும்.

ஒட்டும் அட்டை சுமார் 42 சென்டிமீட்டர் நீளம், 28 சென்டிமீட்டர் அகலம். வலது கீழ் மூலையில் விவரச் சீட்டு. பூச்சிக்கு மெர்க்குரிக் குளோரைடு தடவச் சொல்லும் பழைய குறிப்புகளைப் பின்பற்ற வேண்டாம், அது கொடிய நஞ்சு. பிளாஸ்டிக் பையில் இறுக்கி மூடி ஆழ்குளிர் பெட்டியில் சில நாள் வைத்தாலே பூச்சி சாகும்.

6. யாரிடம் போவது, என்னென்ன கொண்டுபோவது

கோயம்புத்தூரில் இந்தியத் தாவரவியல் ஆய்வகத்தின் தென்மண்டல மையம் இருக்கிறது. தென்னிந்தியச் செடிகளுக்கு அங்குள்ள உலர்தாவரத் தொகுப்பு மிகப் பெரியது. திருச்சி தூய வளனார் கல்லூரியில் ராபினாட் உலர்தாவரகம் இருக்கிறது. கடைச்சரக்காக வந்த வேர், பட்டை, விதை என்றால் சென்னை அரும்பாக்கத்தில் உள்ள சித்த மருத்துவ மத்திய ஆராய்ச்சி நிலையம் போன்ற, நுண்ணோக்கியில் பார்த்துச் சொல்லும் இடத்துக்குப் போக வேண்டும். பொடியைக் கொண்டுபோய்த் தாவரவியலாளர் முன்னால் வைக்காதீர்கள். அவரால் சொல்ல முடியாது, சொன்னால் நீங்கள் நம்பக் கூடாது.

கையில் இருக்க வேண்டியவை: துறைத் தலைவர் கையொப்பமும் முத்திரையும் உள்ள கடிதம், அதில் ஆய்வுத் தலைப்பும் செடியின் பெயரும் பறித்த இடமும்; மாணவர் அடையாள அட்டை நகல்; உலர்ந்த மாதிரி, முடிந்தால் இரண்டு; செடி நின்ற இடத்தில் எடுத்த படங்கள்; காட்டில் எடுத்திருந்தால் அனுமதிக் கடிதத்தின் நகல். கடிதத்தில் செடியின் பெயரை முடிவானதுபோல் எழுதாமல், ‘என்று கருதப்படும் செடி’ என்று எழுதச் சொல்லுங்கள். என் முதல் கடிதத்தில் பெயரை முடிவாக எழுதியதால், செடி வேறு என்று தெரிந்ததும் துறையில் புதிதாகக் கையொப்பம் வாங்க ஒரு வாரம் அலைந்தேன்.

கட்டணம் இடத்துக்கு இடம் மாறும். நான் கொடுத்த இடத்தில் ஒரு மாதிரிக்கு இவ்வளவு என்று வாங்கினார்கள். கூட்டு மருந்து ஆய்வு என்றால் பத்துச் செடிக்குப் பத்து மடங்கு ஆகும் என்பதை முன்பே கணக்கில் வையுங்கள். கிளம்புவதற்கு முன் தொலைபேசியில் மூன்று கேளுங்கள்: கட்டணம் எவ்வளவு, எப்படிக் கட்டுவது, அஞ்சலில் அனுப்பலாமா நேரில் வர வேண்டுமா. அதிகாரி களப்பணிக்குப் போயிருந்தால் வாரக்கணக்கில் தாமதமாகும்; அதையும் கேட்டுவிடுங்கள். எனக்குப் பறித்ததிலிருந்து உலர்த்த 10 நாள், கடிதத்துக்கு 5 நாள், சான்றிதழ் வர 3 வாரம் ஆயிற்று. நீங்கள் இரண்டு மாதம் ஒதுக்குங்கள்.

7. சான்றிதழ் கைக்கு வந்ததும்

அங்கேயே நின்று படியுங்கள். அறிவியல் பெயரின் எழுத்துக்கூட்டல், அதற்குப் பின்னால் பெயர் வைத்தவரின் சுருக்கம், குடும்பம், மாதிரி எண், தேதி, கையொப்பம். ஆய்விதழ்கள் கேட்பது அந்த மாதிரி எண்ணைத்தான். எண் இல்லாமல் ‘இது இன்ன செடி’ என்று மட்டும் எழுதிய தாள், நாளைக்கு யாராவது சந்தேகப்பட்டால் எதையும் எடுத்துக் காட்டாது. மாதிரி அங்கே தொகுப்பில் வைக்கப்பட்டதா என்று கேட்டு எழுதி வாங்குங்கள். வைக்கவில்லை என்றால் உங்கள் துறையிலாவது எண் போட்டு வையுங்கள்.

8. செடி இல்லை, விலங்கு என்றால்

வழி இதேதான், பெயர்க் குழப்பம் இன்னும் அதிகம். கட்டுவிரியன் விரியன் வகையே இல்லை, நாகத்தின் குடும்பம். கானாங்கெளுத்தி கெளுத்தி இல்லை. கன்னியாகுமரிப் பக்கம் அயிலை என்று சொல்லும் மீன் அது. சென்னையில் சீலா என்று கேட்டால் ஒரு மீன் கிடைக்கும். தூத்துக்குடியில் அதே பெயரைச் சொன்னால், சென்னைக்காரர் வஞ்சிரம் என்று வாங்கும் மீனைத் தருவார்கள். வவ்வாலில் மட்டும் மூன்று: வெள்ளை வவ்வால் தனிக் குடும்பம், கறுப்பு வவ்வால் பாரை மீனின் குடும்பம், ஏரி வவ்வால் என்று விற்பது தென்னமெரிக்காவிலிருந்து வந்த வளர்ப்பு மீன். மூன்றுக்கும் விலையும் வேறு, ஊட்டமும் வேறு.

மீன் ஆய்வு என்றால் வெட்டாத, துடுப்பு கிழியாத முழு மீனாக வாங்குங்கள். ஐஸில் வைப்பதற்கு முன்பே அளவுகோல் பக்கத்தில் வைத்துப் படம் எடுங்கள், நிறம் சில மணி நேரத்தில் மங்கிவிடும். மரபணுச் சோதனை வேண்டும் என்றால் ஃபார்மலினில் போடுவதற்கு முன் ஒரு துண்டுச் சதையைத் தனியாக எத்தனாலில் எடுத்து வையுங்கள். ஃபார்மலினில் போட்ட பிறகு அதற்குப் பயன்படாது. அடையாளம் காண மண்டபத்திலும் தூத்துக்குடியிலும் உள்ள மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிறுவன மையங்களையோ, சென்னையில் உள்ள இந்திய விலங்கியல் ஆய்வக மையத்தையோ அணுகலாம். கொண்டுபோகும் ஆவணங்கள் மேலே சொன்னவைதான்.

கடல் குதிரையும் கடல் அட்டையும் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் வருபவை. வலையில் செத்து வந்தது என்று மீனவர் சும்மா கொடுத்தாலும் கையில் வாங்காதீர்கள். படம் எடுத்து, இடமும் தேதியும் அவர் சொன்ன பெயரும் எழுதிக்கொண்டு திரும்பிவிடுங்கள்.